ஊரை விட்டுப் போகிற இசைக்காரர் கையில் என்ன இருக்க வேண்டும்? பேலா பார்டொக்கும் நம் மட்டக்களப்புப் படுவான்கரையும்

கல்லடி_வயலின் | வெள்ளி, இரவு 9.10

எல்லாருக்கும் வணக்கம். போன கிழமை என்னிடம் பதினொரு வருடம் வயலின் படித்த பிள்ளை ஒருத்தி வீட்டுக்கு வந்தாள். கனடா விசா சரிவந்துவிட்டது. வைகாசிச் சடங்கு முடிந்த கையோடு பயணம். தேத்தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தவள் கோப்பையைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டாள்: "மிஸ், அங்க போனா எனக்கு மெட்டு வருமா?"

அவள் வாசிப்பதோடு நிற்பவள் இல்லை. சொந்தமாக எழுதுவாள். தென்மோடிக் கூத்தின் தாளக்கட்டு ஒன்றை எடுத்து வயலினுக்கும் மத்தளத்துக்குமாக அவள் எழுதிய உருப்படியைக் கோயில் மண்டபத்தில் வாசித்தபோது, முன்வரிசையில் இருந்த, கூத்துப் பழக்குகிற ஒரு வயதான அண்ணாவியார் காலால் தாளம் போட்டதை நான் பார்த்தேன். அந்தக் கால் பிழைவிடாது. அப்படிப்பட்ட பிள்ளைக்கு "வரும் மகள், போய்ட்டு வா" என்று லேசாகச் சொல்லிவிட எனக்கு மனம் வரவில்லை.

அன்று இரவு முழுக்க ஹங்கேரிக்காரர் பேலா பார்டொக்கின் ஞாபகம்தான். நம் பக்கத்தில் அவரைத் தெரிந்தவர் குறைவு. பியானோ படித்தவர்களுக்கு 'மைக்ரோகொஸ்மொஸ்' என்ற ஆறு பாகப் பயிற்சித் தொகுப்பு தெரிந்திருக்கலாம். 153 சிறிய உருப்படிகள். என் கைக்கு அது பழைய புத்தகக் கடையில் கிடைத்தது. கடைசி ஆறும் பல்கேரியத் தாளத்தில் அமைந்த நடனங்கள். இரண்டும் இரண்டும் மூன்றும் என்று ஒடிந்து ஒடிந்து போகிற தாளம். தட்டிப் பார்த்தபோது ஏதோ நம் கூத்துக் களரி ஓரத்தில் நிற்கிற மாதிரி இருந்தது. அன்றைக்குப் பிடித்த பித்து.

கதையைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1881 மார்ச் 25 பிறப்பு. பிறந்த ஊர் அன்றைக்கு ஹங்கேரி, முதலாம் உலகப் போருக்குப் பிறகு எல்லைக்கோடு நகர்ந்து இன்று ருமேனியா. ஏழு வயதில் தகப்பன் போய்விட்டார். தாய் பியானோ சொல்லிக்கொடுத்துப் பிள்ளைகளை வளர்த்தார். 1904இல் ஒரு கோடைக்காலம் நாட்டுப்புறத்தில் தங்கியிருந்தபோது, அங்கே வேலைக்கு நின்ற கிராமத்துப் பெண் தன்பாட்டில் பாடியது காதில் விழுந்தது. அதோடு அவர் வாழ்க்கை திரும்பிவிட்டது. சோல்தான் கொடாய் என்ற நண்பருடன் சேர்ந்து கிராமம் கிராமமாக நடந்தார். கையில் எடிசனின் மெழுகு உருளைக் கருவி. ஓர் உருளையில் இரண்டு மூன்று நிமிடம்தான் பிடிக்கலாம், திரும்பத் திரும்பப் போட்டால் மெழுகு தேய்ந்துவிடும். 1906இல் இருவரும் இருபது பாட்டுகளை வெளியிட்டார்கள். அப்புறம் ஸ்லோவாக்கியர், ருமேனியர், 1913இல் அல்ஜீரியாவின் பிஸ்க்ரா, 1936இல் துருக்கி. ஆயிரக்கணக்கான பாட்டுகளை ஒவ்வொரு கமகமும் விடாமல் கையாலேயே எழுதினார்.

1938இல் ஹிட்லர் ஆஸ்திரியாவை விழுங்கியதும் அடுத்தது ஹங்கேரி என்று அவருக்குத் தெரிந்துவிட்டது. கையெழுத்துப் பிரதிகளை முதலில் வெளியே அனுப்பினார். தான் மட்டும் போகவில்லை, வயதான தாய் இருந்தார். 1939 டிசம்பரில் தாய் இறந்தார். 1940 ஒக்டோபர் 8 அன்று மனைவி டிட்டாவோடு புடாபெஸ்ட்டில் கடைசிக் கச்சேரி. மாதக் கடைசியில் நியூயோர்க். வயது 59.

அங்கே போய் 1943 கோடை வரை புதிதாக ஒன்றும் எழுதவில்லை. உடம்பு இளைத்து எடை 87 இறாத்தலுக்கு இறங்கியது. ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தவரைத் தேடி பொஸ்டன் இசைக்குழுவின் நடத்துநர் குசெவிட்ஸ்கி வந்தார். புதிய உருப்படி ஒன்று எழுதித் தாருங்கள் என்று 1000 டொலர் ஏற்பாடு. அந்தக் கோடையில் மலைப்பக்கத்துச் சரனாக் ஏரிக்கரையில் இருந்து, இரண்டு மாதத்துக்குள் 'இசைக்குழுவுக்கான கொன்சேர்ட்டோ'வை எழுதி முடித்தார். 1944 டிசம்பர் 1 பொஸ்டனில் அரங்கேற்றம். இன்றைக்கும் உலகம் முழுக்க இசைக்குழுக்கள் வாசிக்கிற உருப்படி அது. 1945 செப்டெம்பர் 26 அன்று இரத்தப் புற்றுநோயால் நியூயோர்க்கில் இறந்தார்.

என் நம்பிக்கை இதுதான். அந்த இரண்டு மாத வெள்ளம் நியூயோர்க்கில் ஊறியதில்லை. முப்பது வருடம் நடந்து நடந்து காதிலும் கையிலும் ஏற்றி வைத்திருந்ததால்தான் மூன்று வருடம் வறண்டு கிடந்தும் ஊற்று அடைபடவில்லை. ஆகவே என் பிள்ளைக்கு நான் சொல்லப்போவது: போவதற்கு முன் வாவிக்கு மேற்கே, படுவான்கரைக்குப் போ. வலையிறவுப் பாலத்தைத் தாண்டு. பாடுகிறவர்களைத் தேடிக் கேள், பதிவு செய், கையால் எழுது.

நான் சொல்வது சரியா? வெளியே போனவர்கள் சொல்லுங்கள்.

பாசல்_மட்டு | வெள்ளி, இரவு 11.48

தங்கச்சி, நான் இருப்பது சுவிஸ் பாசல். ஒரு உணவகச் சமையலறையில் இருபத்தாறு வருடம். பார்டொக்கின் பெயரை எனக்குச் சொன்னது என்னோடு பாத்திரம் கழுவின ஒரு ஹங்கேரிப் பெடியன். அதற்குப் பிறகுதான் இந்த ஊருக்கும் அவருக்கும் உள்ள தொடர்பு தெரிந்தது.

பவுல் சாகர் என்று இந்த ஊர் இசைக்குழு நடத்துநர் ஒருவர் இருந்தார். பார்டொக்கிடம் கேட்டு எழுதுவித்தவர். கம்பி வாத்தியம், தாள வாத்தியம், செலெஸ்டா மூன்றுக்குமான பெரிய உருப்படி 1937 ஜனவரி 21 இங்கேதான் முதன்முதலில் வாசிக்கப்பட்டது. அடுத்த வருடம் ஜனவரியில் இரண்டு பியானோவுக்கும் தாள வாத்தியத்துக்குமான சொனாட்டா, அதுவும் இங்கேதான். 1939 ஓகஸ்டில் சாகர் தன் மலைவீட்டை, சானென் என்ற கிராமத்தில், அவருக்குத் தங்கக் கொடுத்தார். பதினைந்து நாளில் 'திவெர்திமெந்தோ'வை எழுதி முடித்தார். அடுத்த மாதம் போர். அந்த மலைவீட்டிலேயே அவர் நின்றிருக்கலாமே, ஏன் திரும்பிப் போனார் என்று நான் பலநாள் யோசித்திருக்கிறேன். நீங்கள் தாயைப் பற்றி எழுதியதைப் பார்த்ததும் விளங்கிவிட்டது.

இப்போது என் கதை. என் அப்பா ஏட்டண்ணாவியார். களரியில் கொப்பியைப் பிடித்துக்கொண்டு ஆடுபவருக்கு அடியெடுத்துக் கொடுப்பவர். பதின்மூன்றாம் போர்க் கூத்து அவருக்குத் தலைகீழ்ப் பாடம். அபிமன்யு போருக்குப் புறப்படும்போது தாயிடம் விடை கேட்கிற இடத்தில் ஒரு தரு, கூத்துப் பாட்டு, வரும். அப்பா அதை வீட்டில் மாட்டுக்குத் தண்ணீர் வைக்கும்போதும் பாடுவார். 1990இல் வீடு எரிந்தபோது கொப்பிப்பெட்டியும் போய்விட்டது. அடுத்த வருடம் நான் வெளிக்கிட்டபோது ஒரு பையும் இரண்டு சட்டையும். பாட்டை யாராவது பையில் வைப்பார்களா? காதுக்குள் இருக்கும் என்று நினைத்தேன்.

இப்போது அந்தத் தருவில் முதல் வரி இருக்கிறது, மூன்றாம் வரி இருக்கிறது. இரண்டாம் வரி போய்விட்டது. வேலை முடிந்து பின்னேரத் திராமில் வரும்போது முதல் வரியைப் பாடிப் பார்ப்பேன். நேரே மூன்றாவதுக்குத் தாவிவிடும்.

உங்கள் பிள்ளையைப் படுவான்கரைக்கு அனுப்புங்கள்.

மத்தளம்_கொக்கட்டி | சனி, காலை 6.20

மிஸ்ஸுக்கும் அண்ணனுக்கும் வணக்கம். நான் கொக்கட்டிச்சோலைப் பக்கம். பரம்பரையாக மத்தளம் அடிக்கிற வீடு. எனக்கு இதில் ஒரு மனத்தாங்கல் உண்டு. மறைக்காமல் எழுதுகிறேன், கோபிக்க வேண்டாம்.

பதிவு செய்ய எங்கள் ஊருக்கு நிறையப் பேர் வருகிறார்கள். கமரா, மைக், எல்லாம். அப்பாவைக் கதிரையில் இருத்தி "ஒரு அஞ்சு நிமிசம் வடமோடி அடிங்க" என்பார்கள். அடித்தபின் கைகொடுத்துவிட்டுப் போவார்கள். பதிவு எங்கே போனது என்று தெரியாது. ஒருவர் மட்டும் ஒரு பிரதி கொண்டுவந்து தந்தார், அவர் நன்றாக இருக்க வேண்டும்.

கூத்து என்றால் ஆடுபவர்களுக்குப் பாட்டுக் கொப்பி பிரித்துக் கொடுக்கிற சட்டம் கொடுப்பதில் தொடங்கி, மாதக்கணக்கில் இரவிரவாகப் பழகி, சதங்கை அணிந்து, ஒத்திகையாக அடுக்குப் பார்த்து, கடைசியில்தான் அரங்கேற்றம். ஊரே அதற்குள் இருக்கும். அரிசி கொடுப்பவர் ஒருவர், உடுப்புக்குக் கண்ணாடி ஒட்டுபவர் ஒருவர், பிழை பிடிப்பதற்கென்றே வருகிற கிழவர்கள் நாலு பேர். அதில் ஒரு துண்டை வெட்டி எடுத்துக்கொண்டு போய்க் கனடாவில் வயலினில் வைத்தால் அது கூத்தா?

பார்டொக்குக்குப் பாடின பெண்களுக்கு என்ன கிடைத்தது? அவர் பெயர் உலகம் முழுக்க. அவர்கள் பெயர்?

கல்லடி_வயலின் | சனி, காலை 8.05

தம்பி, கோபம் ஒன்றும் இல்லை. இந்தக் கேள்வியைக் கேட்க ஒரு மத்தளக்காரர் வேண்டும் என்று நினைத்தேதான் இங்கே எழுதினேன்.

பார்டொக் பாட்டு எழுதின தாளில் பாடினவர் பெயர், ஊர், வயது, தேதி எல்லாம் குறிப்பார். பாட்டை எங்கே, யாரிடம் கேட்டுப் படித்தார் என்பதையும் விசாரிப்பார். ஒரே ஆளைத் திரும்பப் பாடச் சொல்லி, இரண்டாம் முறை மாறினால் அந்த மாற்றத்தையும் எழுதுவார். 1930களில், பெயர் எடுத்தபின், பழைய உருளைகளைத் திரும்பக் கேட்டுத் தன் இளவயது எழுத்தில் இருந்த பிழைகளை வரிவரியாகத் திருத்திக்கொண்டிருந்தார். அந்த மரியாதைதான் எனக்கு அவரிடம் பெரிதாகத் தெரிவது. காசைப் பொறுத்தவரை நீங்கள் கேட்டது நியாயம். பாடினவர்கள் ஏழைகளாகவே இருந்தார்கள். அதற்கு என்னிடம் மறுமொழி கிடையாது.

வயலினில் வாசித்தால் அது கூத்தா என்றால், இல்லை. பிள்ளையும் அதைக் கூத்து என்று சொல்ல மாட்டாள்.

காரைதீவு_ஓய்வு | சனி, பிற்பகல் 2.30

ஓய்வுபெற்ற ஆசிரியன். எங்கள் ஊர்ப் பெரியவரை இங்கே ஒருவரும் நினைக்காதது மனதுக்குக் கஷ்டமாக இருக்கிறது. சுவாமி விபுலாநந்தர் 1892இல் காரைதீவில் பிறந்தார். பார்டொக்கைவிடப் பதினொரு வயது இளையவர். அவரும் ஊரில் நின்றவர் இல்லை. 1931இல் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் முதல் தமிழ்ப் பேராசிரியர். பிறகு இமயமலை மாயாவதி ஆச்சிரமத்தில் ஆங்கிலச் சஞ்சிகை ஆசிரியர். 1943இல் இலங்கைப் பல்கலைக்கழகம். இப்படி அலைந்துகொண்டே பதினான்கு வருடம் யாழ் என்ற வாத்தியத்தைத் தேடினார். சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதையை வைத்துக்கொண்டு, சுருதிக் கணக்குப் போட்டு, நரம்பு எத்தனை, எது எந்த நீளம் என்று பார்த்தார். யாழ் நூல் 1947 ஜூனில் தஞ்சைப் பக்கம் திருக்கொள்ளம்பூதூர்க் கோயிலில் அரங்கேறியது. அவர் கணக்குப்படி செய்த யாழ்களை ஊர்வலமாக எடுத்துப் போனார்கள். ஜூலை 19 அன்று சுவாமி காலமானார். இடையில் ஆறு கிழமைதான்.

பார்டொக்கின் மூன்றாம் பியானோ கொன்சேர்ட்டோவிலும் கடைசிப் பதினேழு தாளக்கட்டங்கள் எஞ்சி நின்றன என்று வாசித்திருக்கிறேன். டிபோர் ஷெர்லி என்ற நண்பர் அதை முடித்து வைத்தார். மனைவிக்குப் பிறந்தநாள் பரிசாக எழுதியது. இப்படிப்பட்டவர்களுக்குக் காலன் கொஞ்சம் பொறுத்திருக்கக் கூடாதா?

இன்னொன்று. பார்டொக் கப்பல் ஏறிய அதே 1940இல்தான் சதாசிவ ஐயர் தொகுத்த மட்டக்களப்பு வசந்தன் கவித்திரட்டு வெளிவந்தது. சொல் நமக்குக் கிடைத்தது. கோலடித்து ஆடிக்கொண்டு பாடினவர்களின் குரலை அன்று பிடித்து வைக்க ஒருவரும் இல்லை. வாவியில் மீன் பாடுகிறதா என்று கேட்க லாங் அடிகளார் தண்ணீருக்குள் மைக் இறக்கினார். மனிதர் பாடுவது எப்போதும் இருக்கும் என்று நினைத்துவிட்டோம்.

ஸ்கார்பரோ_சளி | சனி, இரவு 10.15 (இங்கே பகல்)

மிஸ், பிள்ளை எங்கள் பக்கம்தானே வருகிறாள். வந்ததும் முதலில் சொல்லுங்கள்: குளிர்காலத்தில் வீட்டுக்குள் ஹீட்டர் காற்று வயலின் மரத்தை உலர்த்தி வெடிக்க வைத்துவிடும். பெட்டிக்குள் வைக்கிற ஈரப்பதக் குழாய் ஒன்று வாங்கச் சொல்லுங்கள். என் மகளின் வயலின் முதல் தையிலேயே மேல்பலகையில் கோடு விட்டது.

பார்டொக் பட்டினி கிடந்து செத்தார் என்று ஒரு கதை உலவுகிறது, அதைக் கொஞ்சம் சீர்ப்படுத்த வேண்டும். கஷ்டம் உண்மை. கச்சேரி குறைவு. முதலில் குவீன்ஸ் பகுதி போரெஸ்ட் ஹில்ஸில் இருந்தார், பக்கத்து வீட்டு வானொலிச் சத்தம் அவருக்கு ஆகவில்லை. பிறகு புரொங்ஸ், கடைசியில் 57ஆம் தெருவில் சின்ன வீடு. பயணப்பெட்டிகள் ஐரோப்பிய எல்லையிலேயே நின்று மாதக்கணக்கில் பிந்தித்தான் வந்தன. நாங்கள் வந்தபோதும் அப்படித்தான், அந்த வரியை வாசித்தபோது வயிற்றைப் பிசைந்தது. ஆனால் ஆஸ்பத்திரிச் செலவை அமெரிக்க இசையமைப்பாளர் சங்கம் ஏற்றது, அவர் அதில் உறுப்பினராக இல்லாதபோதும். வயலின்காரர் சிகெட்டியும் நடத்துநர் ரைனரும்தான் குசெவிட்ஸ்கியிடம் போய்ப் பேசினார்கள், இரண்டு பேரும் ஹங்கேரிக்காரர். பார்டொக்குக்குத் தெரிந்தால் தானம் என்று மறுத்துவிடுவார் என்று அதை மறைத்தே செய்தார்கள். ஊர்ச்சனம் என்றால் அப்படி இருக்க வேண்டும்.

அந்த மூன்று வறண்ட வருடத்தில் அவர் சும்மா இருக்கவும் இல்லை. மில்மன் பாரி என்ற ஆய்வாளர் 1930களில் யூகொஸ்லாவியாவில் நெடுங்கதைப் பாட்டுக்காரர்களைப் பதிவு செய்திருந்தார். எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் இரவிரவாக வீரகதை பாடுவார்கள். நம் கண்ணகி வழக்குரையைக் கோயிலில் விடிய விடியப் பாடுவதை நினைத்துக்கொள்ளுங்கள். அந்தத் தட்டுகளைக் கொலம்பியாப் பல்கலைக்கழகத்தில் இருந்து கேட்டு எழுதுவதுதான் பார்டொக்குக்குக் கிடைத்த வேலை. அதில் 75 பெண்கள் பாட்டை எழுதினார். அந்தப் புத்தகம் அவர் இறந்தபின், 1951இல் வந்தது. சொந்தப் பாட்டு வராத நாளில் மற்றவர் பாட்டை எழுதிக்கொண்டிருந்தார். என் கணக்கில் அவரைக் காப்பாற்றியது அதுதான்.

மெட்டு வருமா என்ற கேள்விக்கு என் பதில்: முதல் இரண்டு வருடம் வராது. வேலை, படிப்பு, பஸ். பிள்ளையைப் பயப்படுத்தச் சொல்லவில்லை. வரவில்லையே என்று அந்த நேரத்தில் வயலினைக் கட்டிலுக்குக் கீழே தள்ளிவிடக் கூடாது. நான் தள்ளினவன்.

அக்கரைப்பற்று_நெல் | ஞாயிறு, காலை 7.00

அஸ்ஸலாமு அலைக்கும். நல்ல பேச்சு நடக்கிறது. பார்டொக்கின் ஒரு பக்கத்தை இன்னும் ஒருவரும் தொடவில்லை.

அவர் ருமேனியப் பாட்டைத் தேடிப் போனதற்கு ஹங்கேரியில் ஏச்சு வாங்கினார். முதல் போர் முடிந்து நாட்டின் பெரிய பகுதி ருமேனியாவுக்குப் போயிருந்த நேரம். 1920இல், எதிரியின் பாட்டை ஏன் எழுதுகிறாய், தேசத்துரோகம் என்று பத்திரிகையில் தாக்கினார்கள். அவர் அசையவில்லை. 1931இல் எழுதிய ஒரு கடிதத்தில், இனங்கள் ஒன்றோடொன்று சகோதரராக வாழ வேண்டும் என்பதுதான் தன் இசையின் அடிக்கருத்து என்று சொன்னார். 1942இல், நியூயோர்க்கில் இருந்து, 'இசையில் இனத் தூய்மை' என்று ஒரு கட்டுரை. ஹிட்லர் தூய்மை தூய்மை என்று கத்திக்கொண்டிருந்த காலத்தில் இவர் சொன்னார்: பக்கத்துப் பக்கத்தில் வாழ்கிற சனம் ஒன்றின் பாட்டை மற்றது வாங்கி, மாற்றி, திருப்பிக் கொடுப்பதால்தான் பாட்டு பெருகுகிறது என்று.

நம் கரையில் வாழ்பவனுக்கு இதற்கு விளக்கம் தேவையா? என் மூத்தம்மா வயலில் புல்லுப் பிடுங்கும்போது சொல்லுகிற கவியை வரம்புக்கு அந்தப் பக்கம் தமிழ்ப் பெண் எடுத்து மறுகவி சொல்லுவார். எங்கள் பொல்லடியையும் உங்கள் வசந்தனையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் கோலின் சத்தம் ஒன்றுதான். மட்டக்களப்புப் பறங்கியர் கலியாணத்தில் வயலின் வைத்துக் கப்ரிஞ்ஞா ஆடினார்கள், அவர்களிலும் பெரும்பாலானோர் அவுஸ்திரேலியா போய்விட்டார்கள். அந்த மகள் படுவான்கரைக்குப் போகும்போது வாவிக்குக் கிழக்கே எழுவான்கரையையும் மறக்க வேண்டாம். எங்கள் பக்கம் கவி சொல்லும் பெண்கள் ஆண்களுக்கு முன் வாய் திறக்க மாட்டார்கள். பெண்பிள்ளை போனால் கிடைக்கும். என் ராத்தா கூட்டிப் போவார்.

மத்தளம்_கொக்கட்டி | ஞாயிறு, காலை 7.40

காக்கா, மாடு விட்டுச் சூடு மிதிக்கும் காலத்தில் உங்கள் பக்கத்து ஆட்கள் எங்கள் வயல் வட்டைக்கு வந்து பொலிப்பாட்டுப் பாடியதை அப்பா இப்போதும் சொல்வார். இப்போது மெஷின் வந்து ஒரு மணித்தியாலத்தில் வெட்டிக் கொட்டிவிட்டுப் போகிறது. போன வருடம் ஒருவர் பொலிப்பாட்டுக் கேட்டு வந்தார். அப்பா வாயைத் திறந்தார், வரவில்லை. "மாடு சுத்தினாத்தானே பாட்டு சுத்தும்" என்றார். கடைசியில் முற்றத்தில் எழுந்து வட்டமாக நடந்தார். இரண்டாம் சுற்றில் பாட்டு வந்துவிட்டது.

கல்லடி_வயலின் | ஞாயிறு, மாலை 5.25

இதை வாசித்துவிட்டு எழுந்து போய் வாவிக்கரையில் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு வந்தேன்.

பாசல் அண்ணனுக்காக ஒன்று எழுத வேண்டும். கொன்சேர்ட்டோவின் நாலாம் பகுதிக்குப் பெயர் 'இடைமறிக்கப்பட்ட இடைநிகழ்ச்சி'. முதலில் ஓபோவில் ஒரு கிராமத்து மெட்டு. பிறகு வியோலாக்கள் எழுந்து ஒரு பாட்டுப் பாடும், நெஞ்சைப் பிடித்து இழுக்கிற பாட்டு. திடீரென்று கிளாரினெட்டில் ஒரு கேலி மெட்டு நுழைந்து, டிரம்போன்கள் கெக்கலி கொட்டி எல்லாவற்றையும் குழப்பும். ஷொஸ்டகோவிச்சின் ஏழாம் சிம்பொனியில் வருகிற மெட்டை வைத்துச் செய்தது. அந்த இரைச்சல் ஓய்ந்ததும் வியோலாப் பாட்டு திரும்ப வரும், இம்முறை சத்தம் அடங்கி, வாத்தியத்தின் வாயில் துணி வைத்த மாதிரி.

அந்த வியோலாப் பாட்டு எது? 'ஹங்கேரியே, நீ எவ்வளவு அழகு' என்ற கருத்தில் வருகிற ஒரு பாட்டின் சாயல். அது நாட்டுப்பாட்டே இல்லை! 1920களின் ஓப்பரெட்டா ஒன்றில் வந்த மேடைப்பாட்டு. வாழ்நாள் முழுக்க உண்மையான கிராமத்துப் பாட்டு வேறு, நகரத்து மேடைப்பாட்டு வேறு என்று பிரித்துப் பிரித்துச் சண்டை போட்டவர் அவர். ஊர் ஞாபகம் வந்து நெஞ்சு அடைத்தபோது கைக்கு வந்தது அந்த மேடைப்பாட்டு.

ஆகவே நான் முதல் பதிவில் எழுதியதில் ஒரு துண்டைத் திருத்துகிறேன். தேடி எழுதி வைத்தது மட்டும்தான் கூட வரும் என்று சொன்னேன். அப்படி இல்லை. தெருவில் காற்றோடு கேட்டதும் வரும், நாம் மதிக்காததும் வரும். அண்ணன் மாட்டுக்குத் தண்ணீர் வைக்கும்போது கேட்ட பாட்டு மாதிரி. ஆனால் அது துண்டு துண்டாக வரும். முழுதாக வேண்டுமென்றால் எழுதி வைத்திருக்க வேண்டும்.

காரைதீவு_ஓய்வு | ஞாயிறு, மாலை 6.10

இதைத்தான் சுவாமியின் வேலையிலும் நான் நினைப்பது. ஆயிரம் ஆண்டுக்கு மேல் ஒலிக்காத யாழைக் கணக்குப் போட்டு எழுப்பினார். அவர் பிறந்த மண்ணில் அந்த நேரம் உயிரோடு பாடிக்கொண்டிருந்தவர்களையும் அவர் எழுதியிருந்தால்! குறை சொல்லவில்லை. ஒரு ஆளுக்கு ஒரு ஆயுள்தான். கூத்தை மேடைக்குக் கொண்டுவரப் பேராசிரியர் வித்தியானந்தன் 1960களில் வர வேண்டியிருந்தது, அவரோடு அன்றைய மாணவர் மௌனகுரு. அந்தக் காலத்து அண்ணாவிமார் எத்தனை பேரின் குரல் ஒலிநாடாவில் இருக்கிறது?

ஸ்கார்பரோ_சளி | திங்கள், காலை 5.50

உயிலில் பார்டொக் எழுதியது தெரியுமா? ஹங்கேரியில் ஹிட்லர், முசோலினி பெயரில் சதுக்கம் இருக்கும் வரை தன் பெயரை ஒரு தெருவுக்கும் வைக்கக் கூடாது என்று. நியூயோர்க்குக்கு வெளியே ஹார்ட்ஸ்டேலில் புதைத்தார்கள். 1988இல்தான் எலும்பைத் தோண்டி எடுத்து ஊருக்குக் கொண்டுபோனார்கள், புடாபெஸ்ட்டில் மறுபடி அடக்கம். 43 வருடம்.

இன்னொரு குடும்பத்தையும் சொல்லலாம். வயலின் வித்துவான் எல். சுப்பிரமணியம் சின்ன வயதில் வளர்ந்தது யாழ்ப்பாணத்தில். தகப்பனார் லட்சுமிநாராயணா அங்கே இசை ஆசிரியர். 1958 கலவரத்தோடு குடும்பம் சென்னைக்குப் போனது. பிள்ளை டொக்டருக்குப் படித்து முடித்து, பிறகு அமெரிக்கா போய் மேற்கத்திய இசை படித்து, நியூயோர்க் பில்ஹார்மொனிக்குக்கு உருப்படி எழுதினார். போனவர் எல்லாரும் வறண்டு போவதில்லை, மகளுக்கு இதையும் சொல்லுங்கள்.

போகப்போகிறவள் | செவ்வாய், இரவு 8.30

மிஸ் சொல்லித்தான் இந்த இழையைப் பார்த்தேன். எல்லாருக்கும் நன்றி. எனக்காக இவ்வளவு பேர் எழுதியிருப்பதைப் பார்த்து அம்மா அழுதுவிட்டார்.

பயணத்துக்கு இன்னும் ஏழு கிழமை இருக்கிறது. மத்தளம் அண்ணா, உங்கள் பக்கம் பதின்மூன்றாம் போர் தெரிந்த அண்ணாவியார் யாராவது இருக்கிறாரா? பாசல் மாமாவின் இரண்டாம் வரியில் இருந்து தொடங்கலாம் என்று நினைக்கிறேன்.

மத்தளம்_கொக்கட்டி | செவ்வாய், இரவு 9.05

ஒருவர் இருக்கிறார். எண்பது தாண்டிவிட்டார், பல் இல்லை, தாளம் இருக்கிறது. ஞாயிறு வாருங்கள் தங்கச்சி, நான் கூட்டிப் போகிறேன். காலை வேண்டாம், வெயில் தாழ்ந்த பிறகு. வெற்றிலை வாங்கிக்கொண்டு வாருங்கள். வந்ததும் போனை நீட்ட வேண்டாம், முதலில் கதைக்க வேண்டும்.

பதிவுக்கு: போனை விமானப் பயண நிலையில் போடுங்கள், நடுவில் கோல் வந்தால் எல்லாம் போச்சு. மத்தளத்துக்கு நேரே வைக்க வேண்டாம், இடந்தலைச் சத்தம் பாட்டை மூடிவிடும். பாடுபவரின் பக்கம், ஒரு முழத் தூரத்தில், துணிக்கு மேலே வையுங்கள். சுருக்காத கோப்பாகச் சேமியுங்கள். தொடங்கும்போது உங்கள் குரலில் தேதி, ஊர், அவர் பெயர் சொல்லுங்கள். பிரதி ஒன்று அவருடைய பேரனின் போனில் அன்றைக்கே போட்டுவிட்டுத்தான் நாங்கள் வெளிக்கிட வேண்டும். இது என்னுடைய நிபந்தனை.

போகப்போகிறவள் | ஞாயிறு, இரவு 10.40

போய் வந்தோம். நாற்பத்திரண்டு நிமிடம். இரண்டு இடத்தில் நாய் குரைக்கிறது, வெட்டவில்லை. பிரதி பேரனின் போனில் போட்டாயிற்று அண்ணா, நீங்களே பார்த்தீர்கள். பெயர் வெளியே போட வேண்டாம் என்று தாத்தா சொன்னதால் இங்கே எழுதவில்லை, கொப்பியில் இருக்கிறது.

விடை கேட்கிற தருவைக் கேட்டதும் கண்ணை மூடிக்கொண்டார். முதல் வரி பாசல் மாமா எழுதியதற்குப் பொருந்துகிறது. இரண்டாம் வரியும் வந்தது. மூன்று தரம் பாடினார், மூன்று தரமும் வேறு. முதலாவதில் மேலே போய் நிற்கிறார். அடுத்ததில் பாதி வழியில் ஒரு இழுப்பு இழுத்துக் கீழே இறங்குகிறார். கடைசித் தரம் சொற்கள் கூட மாறுகின்றன. எது சரி தாத்தா என்று கேட்டேன். "ஆடுறவன் எங்க நிக்கிறானோ அதுக்குத் தக்கன" என்றார்.

மிஸ், எதை எழுதுவது?

கல்லடி_வயலின் | ஞாயிறு, இரவு 10.52

மூன்றையும் எழுது மகள். ஒன்றின் கீழ் ஒன்றாக, சுருதி ஒன்றாக வைத்து. ஆடுகிறவர் எங்கே நிற்கும்போது எது என்று அடுத்த ஞாயிறு போய்க் கேள்.

பாசல்_மட்டு | திங்கள், காலை 3.15

கோப்பைக் கேட்டேன். வேலை முடிந்து வந்து உடுப்பு மாற்றாமல் கேட்டுக்கொண்டிருக்கிறேன். இரண்டாம் தரம் வருகிற அந்த இழுப்பு அப்பாவுடையது. மற்றதெல்லாம் அப்பா பாடின மாதிரி இல்லை, அந்த இழுப்பு மட்டும் அவருடையது.

மகள், நாலாவதாக ஒரு கோடு போட்டு வையுங்கள். இன்றைக்கு எனக்கு வேலை இல்லை. விடிந்ததும் நான் பாடிப் பார்த்து அனுப்புகிறேன்.